குங்ஃபூ காமெடிக்கு எந்தத் தரம் போதும்? விசிடி முதல் 4கே வரை ஓர் ஒப்பீடு

சண்டையும் சிரிப்பும் கலந்த படங்களைப் பற்றிப் பேச்செடுத்தாலே கூடவே இந்தக் கேள்வியும் வந்துவிடுகிறது. விசிடியிலிருந்து எடுத்த பழைய கோப்பு ஒன்று கையில் இருக்கிறது, அதிலேயே பார்த்துவிடலாமா? ஸ்ட்ரீமிங்கில் ஹெச்டி வரும்வரை பொறுக்கலாமா? இல்லை, ஒரேயடியாக 4கே டிஸ்க் வாங்கிவிடலாமா?

"எண் பெரிசா இருந்தா எடு" என்று சொல்லிவிட்டுப் போய்விடலாம். ஆனால் இந்த வகைப் படங்களுக்கு அது பாதிதான் சரி. மேலிருந்து கீழ்வரை 480 வரி உள்ள படத்தைவிட 1080 வரி உள்ள படம் நல்லது, அதில் சந்தேகமில்லை. ஆனால் இரண்டு ஓரமும் வெட்டப்பட்ட 1080ஐவிட முழுச் சட்டகமும் உள்ள 480 எவ்வளவோ மேல். டிவி செட்டிங்கைத் தாறுமாறாக வைத்துக்கொண்டு பார்க்கும் 4கேயைவிட இந்த இரண்டுமே மேல். என்னைக் கேட்டால் வரிசை இப்படித்தான்: முதலில் சட்டகம், அடுத்தது அசைவு, அப்புறம்தான் பிக்சல்.

## எதையெல்லாம் பார்க்க வேண்டும்

முழு உடம்பு. 1970, 80களின் ஹாங்காங் படங்களில் சண்டை என்றால் கேமரா கொஞ்சம் தள்ளி நிற்கும். ஆட்கள் தலை முதல் கால்வரை தெரிவார்கள், ஒரே ஷாட்டில் நாலைந்து அடி, ஒரு பல்டி, ஒரு தடுமாற்றம், கடைசியில் ஒரு முழிப்பு என்று ஓடும். இடது ஓரத்தில் நிற்பவர் முக்காலியை உதைக்க, அது வலது ஓரத்தில் நிற்பவரின் முழங்காலில் போய் இடிக்க வேண்டும், அங்கேதான் சிரிப்பு. இந்தப் படங்களில் பல 2.35:1 என்ற அகலத் திரைக்கு எடுக்கப்பட்டவை. அதைப் பழைய 4:3 டிவியை நிரப்பும்படி வெட்டினால் அகலத்தில் 43 சதவீதம் போய்விடும். முக்காலி பறப்பது தெரியும், யார்மேல் விழுந்தது என்று தெரியாது.

முகம். இந்த வகையில் திரும்பத் திரும்ப வரும் ஒரு வேடிக்கை இருக்கிறது. ஹீரோ எதிரியின் வயிற்றில் ஓங்கிக் குத்துகிறான். வயிறு இரும்பு மாதிரி இருக்கிறது. வலியை வெளியே காட்டக்கூடாதே! முகத்தை விறைப்பாக வைத்துக்கொண்டு, குத்திய கையை மெதுவாக முதுகுக்குப் பின்னால் கொண்டுபோய் உதறுகிறான். விறைத்த முகமும் உதறும் விரல்களும் ஒரே ஷாட்டில், ஒரே நேரத்தில் தெரிந்தால்தான் இந்த ஜோக். குளோசப் கிடையாது, எடுத்துக் காட்டுவதற்கு வசனமும் கிடையாது.

கணக்குப் போட்டுப் பார்க்கலாம். ஆள் திரை உயரத்தில் மூன்றில் இரண்டு பங்கு நிற்கிறார் என்றும், தலை உடம்பில் எட்டில் ஒரு பங்கு என்றும் வைத்துக்கொள்வோம். 2.35:1 படம் என்றால் மேலும் கீழும் வரும் கறுப்புப் பட்டைகளைக் கழித்துவிட வேண்டும். அப்படிக் கழித்தால் விசிடியில் அந்த முகத்துக்குக் கிடைப்பது சுமார் 13 வரி. டிவிடியில் 36. 1080பியில் 68. 4கேயில் 136. பதின்மூன்று வரியில் கண், புருவம், வாய் எல்லாம் அடங்க வேண்டும் என்றால் விறைத்த முகம் எது, சும்மா இருக்கும் முகம் எது என்று எப்படித் தெரியும்? 36இல் ஊகிக்கலாம். 68இல் தெளிவாகத் தெரிந்துவிடும். அதற்கு மேல் கிடைப்பது வியர்வை.

டைமிங். இந்தச் சண்டைகளை எடுக்கும்போதே வேகத்தில் ஒரு சின்ன வேலை செய்திருப்பார்கள். கேமராவை நொடிக்கு 24க்குப் பதிலாக 22 ஃபிரேம் மாதிரி ஓடவிட்டு எடுத்து, 24இல் ஓட்டிக் காட்டுவது. அடி சுமார் 9 சதவீதம் வேகமாகத் தெரியும், ஆனால் உறுத்தாது. எங்கே வேகம், எங்கே நிதானம் என்பதெல்லாம் சண்டை இயக்குநர் கணக்குப் பார்த்து வைத்தது. இதன்மேல் நம் பக்கத்தில் வேறு ஏதாவது வேகத்தைக் கூட்டினாலும் குறைத்தாலும், நடுவில் ஃபிரேம்களைப் புகுத்தினாலும், அந்தக் கணக்கு கெட்டுப்போகும்.

சத்தம். படத்தரம் பற்றிப் பேசும்போது இதை எல்லோரும் விட்டுவிடுகிறார்கள். அந்தக் கால ஹாங்காங் படங்கள் பெரும்பாலும் ஒலியில்லாமல் எடுத்து, பேச்சு, அடி, காற்றைக் கிழிக்கும் சத்தம் எல்லாவற்றையும் பின்னால் சேர்த்தவை. அடி விழும் அதே ஃபிரேமில் 'டப்' கேட்க வேண்டும்.

மறைமுகச் செலவு. பணம் மட்டுமில்லை. டேட்டா, பிளேயர், வெட்டப்பட்ட காட்சிகள், மாற்றப்பட்ட ஒலி எல்லாம் இதில் வரும்.

## ஒரே பார்வையில்

| தேர்வு | முகத்துக்கு வரிகள் (தோராயம்) | அசைவு | மறைமுகச் செலவு | யாருக்குச் சரி |
|---|---|---|---|---|
| விசிடி, டேப் காப்பி | 13 | கட்டம் கட்டமாக உடையும் | ஓரம் வெட்டு, பாதியில் டிஸ்க் மாற்றம் | வேறு பதிப்பே இல்லாதபோது |
| டிவிடி | 36 | சுமார், சில நேரம் சீப்புக் கோடு | 4 சதவீத வேகக்கூட்டல் | சின்னத் திரை, முழுமையான பதிப்பு வேண்டுவோர் |
| ஸ்ட்ரீமிங் ஹெச்டி | 68 | நெட்டைப் பொறுத்தது | டேட்டா, எந்தப் பதிப்பு என்ற குழப்பம் | முதல் தடவை பார்ப்பவர் |
| ப்ளூரே | 68 | நன்று | பிளேயர், மண்டலப் பூட்டு | திரும்பத் திரும்பப் பார்ப்பவர் |
| 4கே | 136 | நன்று | பெரிய திரை, தனி பிளேயர் | புரொஜெக்டர் வைத்திருப்பவர் |
| ஏஐ மெருகேற்றியது | எண்ணுக்கு அர்த்தமில்லை | பிசகும் | முகமே மாறிப்போவது | யாருக்கும் வேண்டாம் |

## விசிடியும் பழைய டேப்பும்

விசிடி என்பது 352க்கு 288 புள்ளிகள் (அமெரிக்க, ஜப்பான் டிவி முறையான என்டிஎஸ்சியில் 240 வரிதான்), நொடிக்கு 1.15 மெகாபிட். டிஸ்க் ஒன்றில் 74 நிமிடம்தான் அடங்கும் என்பதால் படம் இரண்டு டிஸ்க்கில் வரும். இரண்டு பேர் நின்று பேசினால் பார்க்கலாம், சண்டை ஆரம்பித்தால் போச்சு. மாவு மூட்டை கிழிந்து தூள் பறந்தாலோ வைக்கோல் சிதறினாலோ திரை முழுக்கக் கட்டங்கள்தான். டேப்பில் கட்டம் வராது, எல்லாம் கலங்கலாகத் தெரியும், அதோடு பெரும்பாலும் 4:3க்கு வெட்டியிருப்பார்கள். ஹாங்காங் பிரின்ட்டுகளில் சீனமும் ஆங்கிலமும் சப்டைட்டில் ஃபிலிமிலேயே அச்சாகி வரும். ஓரத்தை வெட்டும்போது அதிலும் பாதி போய், முதல் இரண்டு சொல்லும் கடைசி இரண்டு சொல்லும் இல்லாத வாக்கியங்கள் ஓடிக்கொண்டிருக்கும்.

இதை முழுசாகத் தள்ளிவிடவும் முடியாது. சில படங்களுக்கு வெட்டுப்படாத பதிப்பும் அசல் ஒலியும் இந்தப் பழைய காப்பிகளில் மட்டும்தான் இருக்கும். அப்போது இதில் பார்ப்பதுதான் சரி. சின்னத் திரையில் பாருங்கள், பெரிய டிவியில் போட்டு அவதிப்படாதீர்கள்.

## டிவிடி

நல்ல டிவிடி என்பது பலர் நினைப்பதைவிட மேலானது. உச்சத்தில் நொடிக்கு 9.8 மெகாபிட் வரை போகும் என்பதால் சண்டையில் படம் அவ்வளவு உடையாது. சட்டகம் சரியாக இருந்தால் தள்ளி நின்று எடுத்த ஷாட்டுகளில் யார் எங்கே இருக்கிறார்கள் என்ற குழப்பம் வராது.

கவனிக்க வேண்டியவை மூன்று. பழைய டிவிடிகளில் சில, கறுப்புப் பட்டையையும் படத்தோடு சேர்த்து 4:3க்குள் பதிந்தவை. அதில் நாலில் ஒரு பங்கு வரி வீணாகிவிடும், 36 வரி முகம் 27 ஆகிவிடும். இரண்டாவது, வரிகளை ஒன்றுவிட்டு ஒன்று பதியும் முறையில் எடுத்த டிஸ்க்கை இன்றைய டிவி சரியாகக் கையாளாவிட்டால், வேகமாக வீசும் கையின் ஓரம் சீப்பின் பல் மாதிரி கோடு கோடாகத் தெரியும். ஆட்கள் சும்மா நின்றால் ஒன்றும் தெரியாது, உதைக்கும்போதுதான் வரும்.

மூன்றாவதுதான் எனக்குப் பிடிக்காத ஒன்று. ஐரோப்பா, இந்தியா பக்கத்து டிவி முறையான 'பால்' (PAL) டிவிடிகள் 24 ஃபிரேம் படத்தை 25 ஃபிரேமாக ஓட்டும். 100 நிமிடப் படம் 96 நிமிடத்தில் முடிந்துவிடும். ஒலியைத் திருத்தாமல் விட்டிருந்தால் குரலும் கொஞ்சம் கீச்சென்று ஏறிவிடும். குடும்பக் கதைக்கு இது ஒன்றுமே இல்லை. ஆனால் 22இல் எடுத்த சண்டையை 25இல் ஓட்டினால் நிஜத்தைவிடக் கிட்டத்தட்ட 14 சதவீதம் வேகம். சண்டை இயக்குநர் உறுத்தாமல் செய்த வேலை இப்போது உறுத்த ஆரம்பிக்கும், ஆட்கள் பொம்மை மாதிரி துள்ளுவார்கள்.

## ஸ்ட்ரீமிங் ஹெச்டி

இந்தக் கேள்வியோடு வருபவர்களில் பெரும்பாலானவர்களுக்கு இதுதான் பதில், ஆனால் நெட் சரியாக இருந்தால்.

காரணம் இதுதான். வீடியோவைச் சுருக்கும் மென்பொருள் முந்தைய ஃபிரேமுக்கும் இந்த ஃபிரேமுக்கும் என்ன மாறியது என்பதைத்தான் அனுப்புகிறது. டீக்கடை பெஞ்சில் இரண்டு பேர் உட்கார்ந்து பேசினால் மாறுவது உதடு மட்டும், வேலை சுலபம். பத்துப் பேர் உருண்டு புரண்டு, பானை உடைந்து, புழுதி கிளம்பினால் எல்லாப் புள்ளியும் மாறுகிறது, அதுவும் ஒவ்வொரு ஃபிரேமிலும். ஆக, நீங்கள் எந்தக் காட்சிக்காகப் படத்தைப் போட்டீர்களோ அந்தக் காட்சியில்தான் தரம் விழும். நெட் மந்தமானால் ஸ்ட்ரீமிங் தானாகவே கீழ்த் தரத்துக்கு இறங்கிக்கொள்ளும், மேலே 'ஹெச்டி' என்று போட்டிருந்தாலும். நாலு பேர் ஒரே வைஃபையை இழுக்கும் நேரத்தில் கிளைமாக்ஸ் சண்டையைப் பார்க்காதீர்கள். டவுன்லோடு வசதி இருந்தால் உயர்ந்த தரத்தில் இறக்கி வைத்துக்கொண்டு பாருங்கள்.

டேட்டா கணக்கு: நொடிக்கு 5 மெகாபிட் என்றால் 100 நிமிடப் படத்துக்கு 3.75 ஜிபி. 15 மெகாபிட் 4கே என்றால் 11 ஜிபிக்கு மேல். மொபைல் டேட்டாவில் பார்ப்பவர்கள் இதை யோசிக்க வேண்டும்.

இன்னொரு மறைமுகச் செலவு, எந்தப் பதிப்பு கிடைக்கிறது என்பது. சில தளங்கள் அகலத் திரைப் படத்தை 16:9 டிவிக்கு நிரப்பிக் காட்டும். அதில் அகலத்தில் 24 சதவீதம் போய்விடும், படமோ பளபளவென்று இருப்பதால் போனது தெரியவே தெரியாது. பதிப்பே வேறாக இருப்பதும் உண்டு. 1994இல் ஹாங்காங்கில் வந்த 'டிரங்கன் மாஸ்டர் 2', 2000இல் அமெரிக்கத் திரையரங்குகளுக்குப் போனபோது ஆங்கில டப்பிங்கோடும் கடைசிக் காட்சி இல்லாமலும்தான் போனது. அந்தப் பதிப்பை எத்தனை பிக்சலில் பார்த்தாலும் அந்தக் காட்சி வரப்போவதில்லை.

## ப்ளூரே

ஸ்ட்ரீமிங்கிலும் 1080, இதிலும் 1080. அப்புறம் எதற்கு டிஸ்க்? பிட்ரேட்டுக்காக, அதாவது நொடிக்கு எவ்வளவு டேட்டா வருகிறது என்பதற்காக. ப்ளூரேயில் வீடியோ நொடிக்கு 40 மெகாபிட் வரை போகும். புழுதி பறந்தாலும் படம் உடையாது. 24 ஃபிரேம் படத்தை 24ஆகவே தரும், அதனால் டிவிடியின் வேகக்கூட்டல் தொல்லை இல்லை. நல்ல வெளியீடாக இருந்தால் அசல் மோனோ ஒலியும் தனித் தடமாக இருக்கும். இது முக்கியம். பல ஸ்பீக்கர்களுக்கான 5.1 ஒலிக்கு மாற்றும்போது சில வெளியீடுகளில் பழைய அடிச் சத்தங்களையே எடுத்துவிட்டுப் புதுசாகப் போட்டிருப்பார்கள், அந்த மரக்கட்டை மாதிரி 'டக்' போய்விட்டு இன்றைய ஆக்‌ஷன் பட 'டும்' வரும். சிரிப்பு பாதி அந்த 'டக்'கில்தான் இருந்தது.

முகத்துக்கு 68 வரி கிடைக்கும் என்பது எப்போது புரியும் என்றால், 1983இல் வந்த 'ப்ராஜெக்ட் ஏ' படத்தில் ஜாக்கி சான் மணிக்கூண்டிலிருந்து துணிப் பந்தல்களைக் கிழித்துக்கொண்டு தரையில் விழும் காட்சியில். கலங்கலான காப்பியில் ஏதோ ஒரு உருவம் விழுகிறது, பொம்மையாகக்கூட இருக்கலாம். தெளிவான காப்பியில் விழுவது அவரேதான் என்று தெரிகிறது. அது தெரிந்தபிறகு வயிற்றில் ஒரு பகீர் வரும் பாருங்கள், அதற்குத்தான் இவ்வளவு பேச்சு.

தொல்லை என்றால், டிஸ்க்குகளுக்கு மண்டலப் பூட்டு உண்டு. ஹாங்காங் 'ஏ' மண்டலம், ஐரோப்பா 'பி'. உங்கள் பிளேயர் எது என்று பார்க்காமல் வாங்கினால் டிஸ்க்கை அலமாரியில் அழகுக்கு வைக்க வேண்டியதுதான். ப்ளூரே என்று பெயர் போட்டிருப்பதெல்லாம் நல்ல ப்ளூரேயும் இல்லை. டிவிடி காலத்து மூலக் காப்பியையே பெரிதாக்கி, ஃபிலிம் துகள்களைத் துடைத்து, முகத்தை மெழுகாக்கி விற்றவையும் சந்தையில் உண்டு. ஃபிலிமிலிருந்து புதிதாக ஸ்கேன் செய்தது என்று எழுதியிருக்கிறதா என்று பாருங்கள்.

## 4கே

35 மிமீ நெகட்டிவில் 4கேக்கு வேண்டிய விவரம் இருக்கிறது, ஆகவே பழைய படத்துக்கு 4கே எதற்கு என்ற கேள்வி தவறு. உண்மையான கேள்வி, உங்கள் கண்ணுக்கு அது எட்டுகிறதா என்பது. பொதுவான அளவுகோல்: திரை உயரத்தைப் போல மூன்று மடங்கு தூரத்தில் உட்கார்ந்தால் 1080க்கு மேல் கூட்டுவதில் கண்ணுக்குப் பெரிதாக ஒன்றும் கிடைக்காது. 4கே முழுசாகத் தெரிய ஒன்றரை மடங்கு தூரத்துக்கு நெருங்க வேண்டும். 55 அங்குல டிவியின் உயரம் ஏறக்குறைய 68 செ.மீ. அப்படியானால் சுமார் ஒரு மீட்டர் தூரத்தில் போய் உட்கார வேண்டும். சாதாரண ஹாலில் யாரும் அப்படி உட்காருவதில்லை. புரொஜெக்டர் வைத்திருந்தால் கதை வேறு.

கூடுதல் தெளிவு சிலதைக் காட்டியும் கொடுக்கும். டூப் போட்டவரின் விக் ஓரம், சட்டைக்குள் இருக்கும் பேட், தாவும்போது மின்னும் கயிறு. மாயாஜாலக் கதையில் கயிறு தெரிந்தால் எல்லாம் போச்சு. காமெடியில் எனக்கு இது ஒரு குறையாகவே படவில்லை, விக் கழன்றுவிடுமோ என்று பார்ப்பதும் ஒரு சுவாரசியம்தான். பிடிக்காதவர்களும் இருப்பார்கள். 2000களில் கிராபிக்ஸோடு வந்த படங்கள் வேறு. அவற்றில் பல கணினியில் 2கே அளவிலேயே (கிட்டத்தட்ட 1080 தரம்) முடிக்கப்பட்டவை, அதைப் பெரிதாக்கி 4கே என்று கொடுத்தால் பிக்சல் கூடும், விவரம் கூடாது.

அசல் நன்மை சில நேரம் பிக்சலில் இல்லாமல் ஹெச்டிஆரில், அதாவது இருட்டையும் வெளிச்சத்தையும் நுணுக்கமாகப் பிரித்துக் காட்டும் வசதியில், இருக்கிறது. இருட்டு மண்டபத்தில் கறுப்பு உடைக்காரர்கள் சண்டை போட்டால் எந்தக் கை யாருடையது என்று பிரித்துக் காட்டும். 4கே டிஸ்க்குகளுக்கு ப்ளூரே மாதிரி மண்டலப் பூட்டும் கிடையாது, ஆனால் அதற்கென்று தனி பிளேயர் வேண்டும்.

## ஏஐ மெருகேற்றிய '4கே'

பழைய விசிடி, டிவிடிகளை ஏஐயில் போட்டு 4கே ஆக்கினோம் என்று வருபவை. 13 வரி முகத்தில் இல்லாத கண்ணை எங்கிருந்து கொண்டுவர முடியும்? மென்பொருள் ஊகித்து வரைகிறது. வரைந்த கண் ஃபிரேமுக்கு ஃபிரேம் கொஞ்சம் நகரும், விரல்கள் ஒன்றோடொன்று ஒட்டும், பின்னால் இருக்கும் கடைப் பலகை எழுத்து எந்த மொழியிலும் இல்லாத எழுத்தாக மாறும். நடிகர் விறைப்பாக வைத்திருந்த முகத்தைச் சும்மா புன்னகைக்க வைத்துவிடும். இதற்கு அந்தக் கலங்கல் காப்பியே தேவலை, அதில் இருப்பதாவது நிஜம்.

## எந்தத் தரமானாலும் கெடுக்கும் இரண்டு

டிவிக்குள் இருக்கும் மோஷன் ஸ்மூத்திங். ஒவ்வொரு கம்பெனியும் ஒவ்வொரு பெயர் வைத்திருக்கும். 24 ஃபிரேமுக்கு நடுவில் இல்லாத ஃபிரேம்களை உருவாக்கிப் புகுத்தும். கிரிக்கெட்டுக்குச் சரி. குத்து வந்து 'சட்'டென்று நிற்க வேண்டிய இடத்தில், கை எண்ணெயில் வழுக்குவது போல வந்து சேர்ந்தால் வலியும் தெரியாது, சிரிப்பும் வராது. முதல் வேலையாக அணைத்துவிடுங்கள். 2019க்குப் பிறகு வந்த பல டிவிகளில் 'ஃபிலிம்மேக்கர் மோட்' இருக்கிறது, அதைப் போட்டால் இதெல்லாம் தானாக அணையும், சட்டகமும் அசல் அளவுக்கு வந்துவிடும்.

அடுத்தது ப்ளூடூத் ஹெட்போன். ஒலித் தாமதத்தை ஈடுகட்டாத பிளேயரில் 100, 200 மில்லிநொடி தாமதம் சாதாரணம். 24 ஃபிரேமில் ஒரு ஃபிரேம் என்பது சுமார் 42 மில்லிநொடி, அப்படியென்றால் அடி விழுந்து இரண்டு முதல் ஐந்து ஃபிரேம் கழித்துச் சத்தம். அடி வாங்கியவர் அதற்குள் பறந்து போயிருப்பார். வயர் ஹெட்போன், இல்லையென்றால் டிவியின் ஸ்பீக்கரே போதும்.

## சரி, யார் எதை எடுக்கலாம்

முதல் தடவை பார்க்கிறீர்கள், பிடிக்குமா பிடிக்காதா தெரியாது என்றால் ஸ்ட்ரீமிங் ஹெச்டி. கூட்டமாக உட்கார்ந்து சிரித்துப் பார்க்கப் போகிறீர்கள் என்றாலும் அதுவே, ஆனால் முன்கூட்டியே இறக்கி வைத்துக்கொள்ளுங்கள். ஒரு சண்டையைப் பத்துத் தடவை நிறுத்தி நிறுத்திப் பார்க்கிற ஆளாக இருந்தால் ப்ளூரே, யோசிக்கவே வேண்டாம். போனில்தான் பார்ப்பீர்கள் என்றால் டிவிடி தரத்துக்கு மேல் அலைய வேண்டாம், சட்டகம் மட்டும் முழுசாக இருக்கட்டும். வேகவேகமாக வெட்டி, குளோசப்பாகவே சண்டை காட்டும் இன்றைய படங்களுக்கு வரி எண்ணிக்கை அவ்வளவு முக்கியமில்லை, பிட்ரேட்தான் முக்கியம்.

எதை எடுத்தாலும் முழுப்படத்துக்கு உட்காரும் முன் நடுவில் ஒரு சண்டையைத் தேடிப் போட்டுப் பாருங்கள். இரண்டு பேருடைய பாதமும் தெரிகிறதா, வேகமான ஒரு உதையில் நிறுத்தினால் கோடு கோடாக வருகிறதா, சத்தம் அடியோடு வருகிறதா. அப்படியே ஓடும் நேரத்தையும் அசல் பதிப்பின் நேரத்தோடு ஒப்பிட்டுவிடுங்கள். 100 நிமிடத்துக்கு 96 என்றால் வேகக்கூட்டல், பொறுத்துக்கொள்ளலாம். 90 என்றால் எங்கோ கத்திரி போட்டிருக்கிறார்கள், வேறு காப்பி தேடுங்கள்.